வண்டி வீட்டம்மா பேரில் இருக்கிறது

அந்தத் தெருவில் அவருக்கு ஒரே பெயர்தான்: வீட்டுலகேளு. பெற்றவர்கள் வைத்த பெயர் ஒன்று இல்லாமல் இல்லை. அது அடையாள அட்டையோடு சரி. கல்யாணத்தன்று புகைப்படக்காரர் வந்து, "ஆல்பத்துக்கு என்ன கலர்ல அட்டை போடலாம் சார்?" என்று மாப்பிள்ளையைக் கேட்க, மாப்பிள்ளை பக்கத்தில் நின்ற புதுப்பெண்ணைக் கை காட்டி, "அவங்களைக் கேளுங்க" என்றாராம். அன்றைக்குப் பிடித்த வியாதி. பால்காரர் வந்தால் வீட்டுல கேளு. மின்சாரக் கணக்கெடுப்பவர் வந்தால் வீட்டுல கேளு. மகளின் பள்ளிக்கூடத்தில் வாத்தியார் கூப்பிட்டனுப்பினால், வீட்டுல கேளுங்க சார். ஒரு தடவை டாக்டர் "வலி எங்க இருக்கு?" என்று கேட்டதற்கும் மனைவியைத் திரும்பிப் பார்த்தார் என்று அவருடைய தங்கையே சொல்லிச் சிரிப்பாள். சிரிக்கட்டும். அந்த அருமை கூடவே குடித்தனம் நடத்துகிறவளுக்கல்லவா தெரியும்.

அவள் தையல்காரி. தெருவுக்குத் தையலக்கா. முன்னறை ஜன்னலோரம் மிஷின், அதற்குப் பின்னால் ஒரு மர ஸ்டூல், இரண்டு பக்கமும் ஆளுயரத்துக்குத் துணி. பள்ளிச் சீருடை, திரைச்சீலை, ஜிப் போன பேன்ட், போன வருஷம் சரியாக இருந்து இந்த வருஷம் இறுக்கிப் பிடிக்கிற ரவிக்கை, எல்லாம் அங்கேதான் வரும். கால் பெடலை மிதித்துக்கொண்டிருக்க, வாய் வாசலில் நிற்கிறவர்களுக்குப் பதில் சொல்லிக்கொண்டிருக்கும். தண்ணீர் மோட்டாரை யார் பழுது பார்ப்பார், மாமியாருக்குக் காலையில் என்ன மாத்திரை, எந்தப் பத்திரம் எந்தப் பையில் இருக்கிறது என்று கேட்டவர்களுக்கெல்லாம் சொல்லிச் சொல்லி, அவளுக்குத் தெரியாத விஷயமே அந்த வீட்டில் இல்லாமல் போயிற்று. "எனக்குத் தெரியாது" என்று அவள் சொல்லி யாரும் கேட்டதில்லை. எரிச்சல்தான். ஆனால் அதில் கொஞ்சம் பெருமையும் இருந்தது, அதை மறைப்பானேன்.

டிராக்டரும் அப்படித்தான் அவள் தலையில் வந்து விழுந்தது. அவருக்கு ஓட்டத் தெரியும், ஊரார் வண்டியையே ஓட்டி ஓட்டி அலுத்துப்போயிருந்தார். வங்கியில், பெண்கள் பெயரில் கடன் எடுத்தால் வட்டி குறைவு என்றார்கள். "அப்ப அவ பேருலயே போடுங்க" என்று சொல்லிவிட்டு, வீட்டுலகேளு வெளியே போய் வேப்பமர நிழலில் நின்றுகொண்டார். உள்ளே உட்கார்ந்து கையெழுத்துப் போட்டவள் இவள்தான். வீடு மாமியார் பேரில், மிஷின் அப்பா வாங்கிக் கொடுத்தபோது அப்பா பேரில், ரேஷன் அட்டை கணவர் பேரில். அவள் பேரில் இந்த உலகத்தில் வந்து சேர்ந்த முதல் பொருள் அந்த டிராக்டர். ஒரு நாள்கூட அதன் இருக்கையில் ஏறி உட்கார்ந்ததில்லை. ஆனால் தெருமுனையில் அது திரும்பும்போதே சத்தத்தை வைத்து, "பெல்ட் தளர்ந்திருக்கு, பாருங்க" என்று மிஷினை நிறுத்தாமல் சொல்லிவிடுவாள்.

சாவி அவளிடம்தான். ஆரம்பத்தில் அவர்தான் சட்டைப் பையில் வைத்திருந்தார். ஒன்றைத் துவைக்கிற துணியோடு தொலைத்தார், மாற்றுச் சாவியைச் செங்கல் சூளையில் எங்கேயோ தொலைத்தார். மூன்றாவது சாவி செய்து வந்ததும் அவள் அதை மிஷின் டிராயரில் பாபின்களுக்கு நடுவே போட்டு மூடிவிட்டாள். காலையில் அவர் வந்து ஜன்னலோரம் நிற்பார். "எங்க?" என்பாள். "செங்கல்." "சரி." டிராயர் திறக்கும், சாவி கைமாறும். சாயங்காலம் அதே வழியில் திரும்பி வரும்.

அந்த விடியற்காலையும் அவர் வந்து நின்றார். "எங்க?" என்றாள். "செங்கல்" என்றார். சாவியைக் கொடுத்தாள்.

ஆற்றில் மணல் அள்ளக்கூடாது என்று அறிவிப்புப் பலகை வைத்து வருஷக்கணக்காகிறது. அனுமதி வாங்கிய ஒப்பந்தக்காரர் மட்டும்தான் அள்ளலாம். அவர் கொடுக்கிற சீட்டு இருந்தால்தான் வண்டி மணலோடு ரோட்டில் போகலாம். இதெல்லாம் வீட்டுலகேளுவுக்குத் தெரியாததில்லை. ஆனால் அடுத்த தெருவில் பூச்சு வேலை பாதியில் நின்ற ஒரு கொத்தனார், "ஒரே ஒரு லோடுண்ணே, உங்களை விட்டா எனக்கு யாரு?" என்று கையைப் பிடித்துக்கொண்டார். முடியாது என்று சொல்லத் தெரியாத மனுஷன். வழக்கமாக அதற்கும் "வீட்டுல கேளுங்க" என்று தப்பித்திருப்பார். வீட்டில் கேட்டால் வீடு இரண்டாகும் என்று தெரிந்ததால், அன்றைக்கு மட்டும் வாழ்க்கையில் முதல் தடவையாகத் தானே முடிவெடுத்தார். எடுத்த முடிவின் லட்சணத்தைக் கேளுங்கள்.

டிரெய்லரில் மணலை நிரப்பி, மேலே ஒரே ஒரு வரிசை செங்கல் அடுக்கி, செங்கல் லோடு போல ஆக்கிக்கொண்டு பாலத்தில் ஏறினார். தன்னைவிடக் கெட்டிக்காரன் உலகத்தில் இல்லை என்ற நினைப்பு. ஆற்றிலிருந்து அள்ளிய மணல் அல்லவா? வழியெல்லாம் தண்ணீர் சொட்டிக்கொண்டே வந்திருக்கிறது. பாலத்து முனையில் நின்ற சப்-இன்ஸ்பெக்டர் வண்டியை நிறுத்திச் சுற்றி வந்தார். கீழே குனிந்து பார்த்தார்.

"என்ன லோடு?"

"செங்கல் சார்."

"செங்கல் எதுக்குய்யா அழுது?"

அதற்கு மேல் சொல்ல என்ன இருக்கிறது? மேல் வரிசையை எடுத்ததும் சாயம் வெளுத்துவிட்டது. வண்டி யாருடையது, யார் அனுப்பினார்கள், எங்கே போகிறது என்று அவர் அடுக்கிக் கேட்க, நம் ஆளுக்கு முழி பிதுங்கிவிட்டது. பழக்கதோஷம் வாயைத் திறந்தது.

"எனக்கு என்ன சார் தெரியும்? வண்டி வீட்டம்மா பேருல இருக்கு. எல்லாம் அவங்களுக்குத்தான் தெரியும். அவங்களைக் கேளுங்க."

அதை அப்படியே எழுதிக் கையெழுத்தும் வாங்கிக்கொண்டார்கள்.

தையலக்கா செய்தி கேட்டு, கழுத்தில் அளவு டேப்போடு ஓடினாள். ஸ்டேஷனில் சப்-இன்ஸ்பெக்டர் கத்தவெல்லாம் இல்லை, பொறுமையாகத்தான் விளக்கினார். முன்பெல்லாம் அபராதத்தைக் கட்டிவிட்டு வண்டியை ஓட்டிக்கொண்டு போய்விடுவார்கள். மறுநாள் அதே வண்டி ஆற்றில் நிற்கும். அதனால் சட்டத்தை மாற்றிவிட்டார்கள். இப்போது வண்டியே அரசுக்கு. ஏலத்தில் போய்விடும்.

"எங்க வண்டி சார்! எங்க சாப்பாடே அதுதான்!"

"ஒரு வழிதாம்மா இருக்கு. உரிமையாளருக்குத் தெரியாம நடந்துச்சுன்னு நீங்க விசாரணையில காட்டணும். அப்படின்னா வண்டியை விடுவாங்க, ஓட்டினவர் மேல மட்டும் கேஸ் நடக்கும்."

"எனக்குத் தெரியாது சார்!"

"உங்க வீட்டுக்காரர் உங்களுக்குத் தெரியும்னு எழுதிக் குடுத்திருக்காரே."

அவள் திரும்பிப் பார்த்தாள். பெஞ்சின் ஓரத்தில் வீட்டுலகேளு தன் செருப்பையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அந்த நிமிஷம் அவளுக்கு வந்த கோபத்தில் அங்கே இருந்த மேஜை, நாற்காலி, மனுஷன் எல்லாவற்றையும் தூக்கிப் போட்டு உடைத்திருப்பாள். உடைக்கவில்லை. "ஏங்க, வாயைத் திறந்தா வேற வார்த்தையே வராதா உங்களுக்கு?" என்று மட்டும் கேட்டாள்.

ஜாமீனில் வந்தவர் வீட்டு வாசலில் நின்று, "இப்ப என்ன பண்றது?" என்று அவளையே கேட்டார். தையலக்கா தலையில் அடித்துக்கொண்டு உள்ளே போனாள்.

அதற்குப் பிறகு நடையாய் நடந்தாள். வக்கீல் வீட்டுக்கு, விசாரணை அலுவலகத்துக்கு, கனிமத் துறைக்கு, மறுபடி வக்கீல் வீட்டுக்கு. கனிமத் துறையில் இது எங்கள் வேலை இல்லை என்றார்கள். விசாரணை அலுவலகத்தில் அங்கிருந்து அறிக்கை வராமல் நாங்கள் என்ன செய்ய என்றார்கள். ஒருவர் இருந்தால் இன்னொருவர் இருக்கமாட்டார். இருவரும் இருந்தால் கம்ப்யூட்டர் இருக்காது. மிஷினில் போட்ட சீருடைகள் பாதியில் கிடந்தன. பிள்ளைகளின் அம்மாக்கள் வாசலில் வந்து முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு போனார்கள்.

இடையில் வண்டியைப் பார்க்கவும் போவாள். ஸ்டேஷனுக்குப் பின்னால் ஒரு பொட்டல். பிடிபட்ட வண்டிகளை அங்கேதான் நிறுத்தியிருந்தார்கள். ஒரு லாரியின் முகப்பைத் துளைத்துக்கொண்டு ஆமணக்குச் செடி வளர்ந்திருந்தது. ஒரு வேனுக்குச் சக்கரமே இல்லை, கற்களின் மேல் உட்கார்ந்திருந்தது. ஒவ்வொன்றும் யாரோ ஒருவருடைய சாப்பாடு. அவளுடைய டிராக்டர் சுவரோரம் வெயிலில் நின்றது, இருக்கையின் ரெக்சின் வெடிக்க ஆரம்பித்திருந்தது. முன்பக்க மூடியைத் திறந்து பார்த்தவள், "பேட்டரி எங்க?" என்று கத்தினாள்.

காவலுக்கு இருந்த ஏட்டு பேப்பரை மடித்தார். "வரும்போதே இல்லம்மா."

"பேட்டரி இல்லாமத்தான் பாலத்துலேருந்து இங்க வந்துச்சா? நடந்தா வந்துச்சு?"

ஏட்டு மறுபடி பேப்பரை விரித்துக்கொண்டார். மறுநாள் அவள் பழைய ரெக்சினில் இருக்கைக்கும் எஞ்சினுக்கும் உறை தைத்து எடுத்துக்கொண்டு போனாள்.

"கேஸ் சொத்தும்மா. மேல எதையும் போடக் கூடாது."

"வெயில் அடிக்குதே, மழை பெய்யுதே, அதெல்லாம் மேல போடலாமா?"

"அதுக்கு மேலிடத்து அனுமதி இருக்கு" என்று ஏட்டு வானத்தைக் காட்டினார். சொல்லிவிட்டு அவரே சிரித்து, அந்தப் பக்கம் திரும்பிக்கொண்டார். அவள் உறையை இழுத்துக் கட்டிவிட்டு வந்தாள்.

வக்கீல் நல்ல மனுஷர், ஆனால் பேச்சில் பாதி மொபைலில் போய்விடும். எதிரே இருவரையும் உட்கார வைத்து, விரலை நீட்டிச் சொன்னார்: "அம்மா, கேஸ் உங்க ஒரு வார்த்தையில நிக்குது. வண்டி ஆத்துக்குப் போகுதுன்னு உங்களுக்குத் தெரியாது. அவ்வளவுதான். சார், நீங்க ஸ்டேஷன்ல பயத்துல உளறிட்டேன்னு சொல்லணும். நான்தான் செஞ்சேன், அவளுக்குத் தெரியாது. வேற ஒண்ணும் பேசக் கூடாது. உங்களுக்குத் தெரியாதுதானேம்மா?"

"தெரியாது சார்" என்றாள்.

சொல்லும்போது அவளுக்கு மண்வெட்டி ஞாபகம் வந்தது. அன்றைக்குச் சாவியைக் கொடுத்துவிட்டு ஜன்னல் வழியே பார்த்தாள். செங்கல் ஏற்றப் போகிறவர், கொல்லைப்புறத்திலிருந்து மண்வெட்டியை எடுத்து டிரெய்லருக்குள் போட்டார். செங்கலுக்கு எதற்கு மண்வெட்டி? அவளுக்குத் தெரியாதா? கூப்பிட்டு ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. ஊசியில் நூலைக் கோத்தாள், பெடலை மிதித்தாள். அதை அவள் வக்கீலிடம் சொல்லவில்லை, யாரிடமும் சொல்லவில்லை.

விசாரணைக்கு முந்தின நாள் நாத்தனார் வந்தாள். கொஞ்ச நாளாக அண்ணனுக்காக உருகிக்கொண்டிருந்தவள், அன்றைக்கு அதிகாரியாக நடிக்கிறேன் என்று ஸ்டூலில் ஏறி உட்கார்ந்துகொண்டாள்.

"அண்ணி, இப்ப நான்தான் அதிகாரி. வண்டி என்ன கலர்?"

"தெரியாது."

"வண்டி கலர் கூடத் தெரியாதுன்னா பைத்தியம்னு நினைப்பாங்க அண்ணி!"

"சிவப்பு. முன்னாடி இடது பக்கம் நசுங்கினது, சூளைக்காரர் கேட்டுல இடிச்சது. லைட் மாத்தி—"

"போதும், போதும்! நீங்க கொஞ்சம் கம்மியாத் தெரிஞ்சவங்க மாதிரி இருங்களேன்."

"எப்படிடி இருக்கிறது? அது என்ன, வாடகைக்குக் கிடைக்குமா?"

வீட்டுலகேளு மூலையில் சுவரைப் பார்த்து நின்று, "நான்தான் செஞ்சேன், அவளுக்குத் தெரியாது. நான்தான் செஞ்சேன், அவளுக்குத் தெரியாது" என்று பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி மனப்பாடம் செய்துகொண்டிருந்தார். அதைப் பார்க்கப் பார்க்க அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. நாளைக்கு எதிரில் ஒருவர் நின்று கேள்வி கேட்டால் இந்த மனுஷன் கழுத்து தன்னால் என் பக்கம் திரும்பும். திரும்பினால் எல்லாம் போச்சு என்று பயந்து, தூங்கப் போகும்வரை அவள் வேறு எதையும் யோசிக்கவில்லை.

விசாரணை அறை மாடியில். நீள மேஜை, மேலே கண்ணாடி, கண்ணாடிக்கு அடியில் யாரோ எப்போதோ வைத்த பழைய காலண்டர் படம். அதிகாரி ஒரு பெண். கண்ணாடியை மூக்கின் நுனியில் இறக்கிவிட்டுக்கொண்டு பேசுவார். முகத்தைப் பார்த்தால் தூங்கி நாளானவர் மாதிரி இருந்தது. கோப்பைப் புரட்டி, "ஸ்டேஷன்ல மனைவிக்கு எல்லாம் தெரியும்னு சொல்லியிருக்கீங்க. சரிதானா?" என்று கேட்டார்.

தையலக்கா வீட்டுலகேளுவின் கழுத்தையே பார்த்தாள். கழுத்து லேசாக அசைந்தது. அப்புறம், திரும்பாமலே, நேராக அதிகாரியைப் பார்த்துப் பேசினார்.

"அது பொய் மேடம். பயத்துல சொல்லிட்டேன். எனக்கு அது வாடிக்கை. எது வந்தாலும் அவ தலையில போட்டுடுவேன். அவளுக்கு ஒண்ணும் தெரியாது. கேட்டிருந்தா விட்டிருக்கவே மாட்டா, அதனாலதான் நான் கேக்கல. நான்தான் செஞ்சேன். என்ன தண்டனைன்னாலும் எனக்குக் குடுங்க."

இதில் பாதிக்கு மேல் மனப்பாடம் செய்ததில் இல்லாதது. அது அவராகச் சொன்னது. தையலக்காவுக்குக் கண் கலங்கிவிட்டது. இத்தனை வருஷத்தில் இந்த மனுஷன் ஒரு பாரத்தைத் தன் தோளில் வாங்கிப் பார்த்ததில்லை. இதைக் கேட்க இவ்வளவு கெட வேண்டியிருந்ததே என்று ஆத்திரமாகவும் இருந்தது, சந்தோஷமாகவும் இருந்தது. வக்கீல் நாற்காலியில் நிம்மதியாகச் சாய்ந்தார்.

அதிகாரி எழுதிக்கொண்டே, "வண்டிச் சாவி யார்கிட்ட இருக்கும்?" என்று சாதாரணமாகக் கேட்டார்.

"என்கிட்டதான் மேடம். எப்பவும் என் சட்டைப் பையிலதான்."

"எப்பவும் எங்க இருந்துச்சு?" என்றாள் தையலக்கா. "ரெண்டு சாவியைத் தொலைச்சதுக்கு அப்புறம் உங்க பைக்கு ஏது சாவி? மிஷின் டிராயர்லதானே கிடக்கு? என்கிட்ட கேக்காம ஒரு நாளாவது எடுத்திருக்கீங்களா?"

சொன்ன பிறகுதான் சொன்னது அவள் காதில் விழுந்தது. பொய் கேட்டால் திருத்திவிடுகிற வாய்; திருத்தித் திருத்தியே பழகிய வாய். அடக்க அவளுக்கு நேரமே கிடைக்கவில்லை. வக்கீலின் பேனா மூடி மேஜைக்கடியில் உருண்டது. அதை எடுக்கக் குனிந்தவர் கொஞ்ச நேரம் மேலே வரவே இல்லை.

அதிகாரி பேனாவைக் கீழே வைத்தார். "அப்போ சாவி உங்ககிட்டதான் இருக்கும். அன்னைக்கும் நீங்கதான் குடுத்தீங்களா?"

வீட்டுலகேளுதான் முந்திக்கொண்டார். "இல்ல மேடம்! திருடிட்டேன். அவ அடுப்படியில இருந்தப்ப டிராயரைத் திறந்து திருட்டுத்தனமா எடுத்துட்டேன். அவளுக்குத் தெரியாம எடுத்தது திருட்டுதானே? திருட்டுன்னே எழுதிக்குங்க."

அதிகாரி கண்ணாடியைக் கழற்றினார். "அம்மா, யோசிச்சுச் சொல்லுங்க. அவர் சொல்ற மாதிரி உங்களைக் கேக்காம எடுத்திருந்தா, வண்டியை உங்ககிட்டயே விட்டுடலாம். ஆனா அவர் மேல நீங்க திருட்டுப் புகார் குடுத்த மாதிரி ஆயிடும், அந்தக் கேஸும் சேரும். நீங்க தெரிஞ்சு குடுத்திருந்தா, வண்டி அரசுக்குப் போயிடும். எது நடந்துச்சோ அதைச் சொல்லுங்க."

தையலக்காவுக்கு எல்லாம் நன்றாகப் புரிந்தது. ஒரு "ஆமாம்" போதும். டிராக்டர் வீட்டுக்கு வந்துவிடும், சிவப்பு வண்டி, அவள் பேரில் இருக்கிற ஒரே பொருள். எதிரில் அவர், சட்டைக் காலரை இழுத்து விட்டுக்கொண்டு, சொல்லு சொல்லு என்று கண்ணாலேயே கெஞ்சிக்கொண்டிருந்தார். சொந்த வீட்டு டிராயரில் திருடியவன் என்று எழுதிக்கொள்ளச் சொல்கிறார். சோம்பேறிதான். பயந்தாங்கொள்ளிதான். தன் வேலையைப் பிறர் தலையில் கட்டுகிறவர்தான். திருடர் இல்லை. நாளைக்கு இந்தத் தெருவில் அவரை வீட்டுலகேளு என்று கூப்பிட மாட்டார்கள், வீட்டுலதிருடு என்று கூப்பிடுவார்கள். அதையும் கேட்டுக்கொண்டு அவள் ஜன்னலோரம் உட்கார்ந்து தைக்க வேண்டும்.

"இவர் திருடல மேடம்" என்றாள். "நான்தான் குடுத்தேன். செங்கல்னு சொன்னார். ஆனா மண்வெட்டியை எடுத்துப் போட்டதை நான் ஜன்னல்லேருந்து பார்த்தேன். செங்கலுக்கு மண்வெட்டி வேண்டாம்னு எனக்குத் தெரியும்."

"பார்த்தும் ஏன் கேக்கல?"

"அலுப்பா இருந்துச்சு மேடம். எது நடந்தாலும் நான்தான் கேக்கணும், நான்தான் தடுக்கணும், நான்தான் பதில் சொல்லணும். ஒரு நாள், ஒரே ஒரு நாள், தெரியாத மாதிரி இருந்துட்டுப் போறேன்னு இருந்துட்டேன். வாழ்க்கையில ஒரு நாள் வாயை மூடிட்டு இருந்தேன். அன்னைக்குப் பார்த்து இப்படி ஆயிடுச்சு."

அவளுக்கு அழுகை வந்தது, அழவில்லை. அதிகாரி கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, அவள் சொன்னதை எழுதினார். எழுதித்தானே ஆக வேண்டும்.

படியில் இறங்கும்போது வீட்டுலகேளுவுக்கு வந்த கோபத்தைப் பார்க்க வேண்டுமே! "நான்தான் சரியாச் சொல்லிக்கிட்டு வந்தேனே! உன்னை யாராவது கேட்டாங்களா? உன் வாய் சும்மாவே இருக்காதா?" என்று படிக்குப் படி நின்று கத்தினார். அவள் நிற்காமல் இறங்கிக்கொண்டிருந்தாள். வக்கீல் முன்னால் வேகமாகப் போய், தன் ஸ்கூட்டரை எடுத்துக்கொண்டு மறைந்துவிட்டார்.

உத்தரவு வந்தது. வண்டி பறிமுதல். அவர் மேல் இருந்த மணல் கேஸ் அபராதத்தோடு முடிந்தது. ஏலத்தன்று அவள் போகவில்லை. அளவெடுக்க வந்த பெண்ணிடம், "கையைத் தூக்கு, இறக்கு, மூச்சைப் பிடிக்காதே" என்று எரிந்து விழுந்துகொண்டு வீட்டிலேயே இருந்தாள். டிராக்டரை ஏலம் எடுத்தது யார் தெரியுமா? ஆற்றில் மணல் அள்ள அனுமதி வைத்திருக்கிற அதே ஒப்பந்தக்காரர். அனுமதி இல்லாமல் மணல் அள்ளியதற்காகப் பிடிபட்ட வண்டி, இனி அதே ஆற்றில் அனுமதியோடு மணல் அள்ளும். நல்ல நியாயம், நல்ல சட்டம், யாரைப் போய் என்ன சொல்வது?

அது போதாதென்று, புதுப் பேட்டரி மாட்டியும் வண்டி அவருடைய ஆட்களுக்கு மசியவில்லை. கியர் போடுவதற்கு ஒரு பதம் இருக்கிறது. அது பழகியவருக்குத்தான் வரும். ஒப்பந்தக்காரரின் ஆள் வீட்டு வாசலுக்கே வந்து, "அண்ணே, நீங்களே ஓட்டுங்களேன். கூலி குடுத்துடுவார்" என்றான். தையலக்கா மிஷினை நிறுத்திவிட்டுக் காத்திருந்தாள். இப்போது திரும்பி என்னைப் பார்ப்பார், வீட்டுல கேளு என்பார், முடியாதென்று முகத்தில் அடித்த மாதிரி சொல்லிவிடலாம் என்று வாயில் தயாராக வைத்திருந்தாள்.

அவர் திரும்பவில்லை. "நாளைக்குக் காலையில வர்றேன்" என்று அவனிடம் சொல்லி அனுப்பினார்.

"என்னை ஒரு வார்த்தை கேக்கலையே?"

"கேட்டா வேண்டாம்னு சொல்லுவ. வீட்டுல சும்மா உக்காந்திருந்தா நாலு பேர் என்ன கேப்பாங்க, அதுக்கும் நீதான் பதில் சொல்லணும்."

அவள் துணியைத் திருப்பிப் போட்டுத் தைத்தாள். அந்தத் தையல் கோணலாகப் போயிற்று, பிரித்து மறுபடி போட வேண்டியிருந்தது.

மறுநாள் அந்தச் சத்தம் தெருமுனையில் கேட்டது. அவளுக்கு அறிமுகமான சத்தம், பெல்ட் இன்னும் தளர்ந்துதான் இருந்தது. வாய் வரைக்கும் வந்ததை விழுங்கிக்கொண்டு ஜன்னல் பக்கமே பார்க்காமல் உட்கார்ந்திருந்தாள். வண்டி நிற்காமல் போயிற்று. சாயங்காலம் அவர் கால்நடையாகத் திரும்பி வந்தார். வண்டியை அவர்கள் கிடங்கில் விட்டுவிட்டு வரவேண்டுமாம். முழங்கால் வரைக்கும் மணல், தலைமுடியில் மணல், சட்டைப் பையில் ஒப்பந்தக்காரரின் சீட்டு.

"பாலத்துல நிறுத்தினாங்களா?" என்று துணியிலிருந்து கண்ணை எடுக்காமல் கேட்டாள்.

"நிறுத்தினாங்க. அதே சப்-இன்ஸ்பெக்டர். வண்டியைப் பார்த்ததும் அடையாளம் தெரிஞ்சுடுச்சு. என்னய்யா, மறுபடியுமான்னு இறங்கி வந்தார். சீட்டைக் காட்டினேன்."

"அப்புறம்?"

"படிச்சுட்டு, வண்டி யாருதுன்னு கேட்டார்."

பெடலில் அவள் கால் நின்றது. "என்ன சொன்னீங்க?"

அவர் நிலைப்படியில் உட்கார்ந்து, செருப்பைக் கழற்றி ஒன்றோடொன்று தட்டினார்.

"எங்களுது இல்ல சார்னு சொன்னேன்."

அவளுக்குச் சொல்ல எவ்வளவோ இருந்தது. அவ்வளவையும் விட்டுவிட்டாள். மிஷினை மறுபடி மிதிக்க ஆரம்பித்து, முகத்தைத் திருப்பிக்கொண்டு சொன்னாள்:

"குழாயடியில நல்லாக் கழுவிட்டு வாங்க. மணலோட உள்ள வராதீங்க."